இசை படத்தில் உட்காரவில்லையா? ஆவணப்படம், சுயாதீனப் படங்களுக்கு இசையமைப்போருக்கான பிழை நீக்கும் வழிமுறை

"மியூசிக் என்னவோ செட் ஆகலை." படத்தை முடிக்கும் அவசரத்தில் இருக்கும் டைரக்டரிடமிருந்து வரும் குறிப்பு பெரும்பாலும் இவ்வளவுதான். உடனே எழுதியதை அழித்துவிட்டு வேறொன்று எழுத உட்காரத் தோன்றும். அது கடைசியில் செய்ய வேண்டிய வேலை. சிறிய படங்களில் இசை சரியாக அமையாமல் போவதற்கு ஃபைல், இசை தொடங்கும் இடம், எழுதிய ஸ்தாயி, ஒலி அளவு என்று மெட்டைத் தவிர மற்ற எல்லாமே காரணமாக இருக்கும். அதனால் அளந்து பார்க்கக்கூடிய கோளாறுகளை முதலிலும், காதும் மனதும் மட்டுமே தீர்மானிக்கக்கூடியவற்றைப் பின்னாலும் வைத்திருக்கிறேன்.

எந்த அறிகுறியாக இருந்தாலும் முதலில் இசையை அணைத்துவிட்டுக் காட்சியை ஒரு முறை முழுதாகப் பாருங்கள். இசை இல்லாமலே காட்சி நன்றாக ஓடுகிறது என்றால், அங்கே இசை வேண்டுமா என்ற கேள்வியை டைரக்டரிடம் எழுப்பிவிட்டு மேலே போகலாம். ஒரு கியூவை, அதாவது ஓர் இடத்துக்கென்று எழுதிய இசைத் துண்டை, கைவிடுவதும் தீர்வுதான்.

இசை படத்தோடு சேராமல் விலகுகிறது

விலகல் எப்படிப்பட்டது என்று கவனித்தாலே காரணம் தெரிந்துவிடும்.

தொடக்கம் முதல் முடிவு வரை ஒரே அளவு முந்தியோ பிந்தியோ இருந்தால், தொடங்கும் புள்ளி மாறியிருக்கிறது. எடிட்டரின் டைம்லைன் வழக்கமாக 01:00:00:00 என்ற டைம்கோடில் (மணி, நிமிடம், வினாடி, ஃப்ரேம்) தொடங்கும். உங்கள் ப்ராஜெக்ட் பூஜ்ஜியத்தில் தொடங்கியிருக்கும். டைம்கோடு எண்கள் படத்தின் மேலேயே ஓடும்படி வீடியோவைக் கேட்டு வாங்குங்கள். படத்தின் முதல் ஃப்ரேமுக்குச் சரியாக 2 வினாடி முன்னால், அதாவது 00:59:58:00-இல், ஒரே ஒரு ஃப்ரேம் நீளத்துக்கு 1 கிலோஹெர்ட்ஸ் 'பீப்' வைத்து அனுப்பச் சொல்லுங்கள். நீங்கள் அனுப்பும் இசை ஃபைலிலும் அதே பீப் அதே இடத்தில் இருக்கட்டும். இரண்டு பீப்பும் ஒன்றாக விழுந்தால் தொடக்கம் சரி.

ஆரம்பத்தில் சரியாக இருந்து போகப்போக விலகினால் அது ஃப்ரேம் ரேட் (வினாடிக்கு எத்தனை ஃப்ரேம் என்பது) சிக்கல். ஒரு பக்கம் 23.976, மறுபக்கம் 24 என்று வைத்திருந்தால் வித்தியாசம் ஆயிரத்தில் ஒரு பங்குதான். 10 நிமிடத்தில் 0.6 வினாடி, ஒரு மணி நேரத்தில் 3.6 வினாடி. இரண்டு நிமிடக் கியூவில் கண்ணுக்கே படாது. முழுப் படத்தையும் ஒரே ப்ராஜெக்டில் போட்டு ஓட்டும்போதுதான் மாட்டிக்கொள்ளும். 24-உம் 25-உம் குழம்பியிருந்தால் ஒரு நிமிடத்திலேயே 2 வினாடிக்கு மேல் போய்விடும், உடனே தெரியும். போனில் எடுத்த காட்சிகளின் ஃப்ரேம் ரேட் ஓடும்போதே மாறிக்கொண்டிருக்கும். ஆவணப்படங்களில் இது இப்போது சாதாரணம். உங்களுக்கு வரும் வீடியோ நிலையான ஃப்ரேம் ரேட்டில் மாற்றப்பட்டதுதானா என்று எடிட்டரிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள்.

இசை வேகமாக ஓடுகிறது, கூடவே சுருதியும் ஏறியிருக்கிறது என்றால் சாம்பிள் ரேட்டை, அதாவது ஒலியை வினாடிக்கு எத்தனை முறை அளந்து பதிகிறோம் என்பதைப் பாருங்கள். 44.1 கிலோஹெர்ட்ஸில் செய்த ஃபைலை எங்கோ 48 என்று தவறாகப் படித்திருக்கிறார்கள். 60 வினாடி இசை 55 வினாடியில் முடியும். சுருதி ஏறக்குறைய ஒன்றரை அரைஸ்வரம் ஏறும். பட வேலைக்கு 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் என்பதே வழக்கம். முதல் நாளே ப்ராஜெக்டை அப்படி அமைத்துவிட்டால் இந்தத் தொல்லை வராது.

முன்னும் பின்னும் நகர்த்தும்போது படம் திக்கித் திக்கி வந்தால் குற்றம் உங்கள் கணினியுடையதாக இல்லாமலும் போகலாம். எச்.264 வீடியோவில் ஒரு ஃப்ரேமைக் காட்ட அக்கம்பக்கத்து ஃப்ரேம்களையும் சேர்த்துக் கணக்கிட வேண்டும். ஒவ்வொரு ஃப்ரேமையும் தனியாகச் சேமிக்கும் ப்ரோரெஸ் அல்லது டிஎன்எக்ஸ்எச்டி வடிவத்தில், குறைந்த அளவில் கேளுங்கள்.

பேச்சு விளங்கவில்லை

இசையின் ஒலியைக் குறைப்பதுதான் எல்லோரும் முதலில் செய்வது. குறைத்தால் இசை செத்துப்போகும், பேச்சு அப்போதும் முழுதாகத் தெளியாது. ஆண் குரலின் அடிப்படை அதிர்வு சுமார் 85 முதல் 180 ஹெர்ட்ஸ் வரை, பெண் குரலுக்கு 165 முதல் 255 வரை இருக்கும். வார்த்தையைப் புரியவைக்கும் மெய்யெழுத்துகளின் கூர்மை பெரும்பாலும் 2 முதல் 4 கிலோஹெர்ட்ஸ் பகுதியில் கிடக்கிறது. செல்லோ, வயோலா, பியானோவின் நடுப்பகுதி எல்லாம் குரலின் வீட்டுக்குள்ளேயே குடியிருப்பவை. முதல் வேலை, அந்தப் பகுதியை ஒரு ஸ்தாயி மேலேயோ கீழேயோ தூக்கிப் பார்ப்பது. பாதிச் சிக்கல் அங்கேயே தீரும்.

அடுத்து அசைவைப் பாருங்கள். பேச்சுக்கு அடியில் தனி வாத்தியம் ஒன்று மெட்டு வாசித்தால், காது அதை இன்னொரு ஆள் பேசுவதாகவே எடுத்துக்கொள்கிறது. இரண்டு பேர் ஒரே நேரத்தில் பேசினால் யாரைக் கேட்பது? பேட்டி ஓடும்போது நீண்ட ஸ்வரங்கள், மெதுவாக மாறும் கார்டுகள் போதும். பேசுபவர் மூச்சு வாங்கும் இடங்களுக்கெல்லாம் மார்க்கர் போட்டு, மெட்டின் துண்டுகளை அந்த இடைவெளிகளில் மட்டும் எழுதிப் பாருங்கள். பேச்சும் இசையும் மாறி மாறி வரும்போது ஒலியைக் குறைக்கவே தேவைப்படாது. மீட்டும் வாத்தியங்களும் தட்டும் வாத்தியங்களும் மெய்யெழுத்துகளோடு மோதும் என்பதால் அவற்றுக்கும் இதே விதி.

இவ்வளவும் செய்த பிறகு, தேவைப்பட்டால் இசையில் 2 முதல் 4 கிலோஹெர்ட்ஸ் வரை இரண்டு மூன்று டெசிபெல் குறைக்கலாம். பேச்சு வரும்போது இசையைத் தானாக அமுக்கும் கம்ப்ரஸர் வேலையை மிக்ஸிங் செய்பவரிடம் விட்டுவிடுவதே நல்லது.

சோதிப்பதில் ஒரு வலை இருக்கிறது. அந்தப் பேட்டியைத் திரும்பத் திரும்பக் கேட்டதால் வசனம் உங்களுக்கு மனப்பாடம். காது கேட்காததை மூளை நிரப்பிவிடும். அதனால் படத்தைப் பார்க்காத ஒருவரை உட்கார வைத்து, என்ன பேசினார்கள் என்று திருப்பிச் சொல்லச் சொல்லுங்கள். சப்டைட்டில் இருக்கிறதே என்று சமாதானம் சொல்பவர்களை நம்ப வேண்டாம். பொருளை எழுத்து கொடுத்துவிடும், நடுக்கத்தையும் தயக்கத்தையும் குரல்தான் கொடுக்க வேண்டும்.

"உணர்ச்சியைத் திணிக்கிற மாதிரி இருக்கு"

ஆவணப்படத்தில் அடிக்கடி வரும் புகாரும், சரியான புகாரும் இதுதான். திரையில் இருப்பவர் நடிகர் இல்லை. அவர் முகமே சொல்லிக்கொண்டிருப்பதை வயலினும் சொன்னால், பார்ப்பவருக்கு இசையின் மேல் மட்டும் சந்தேகம் வராது, அந்த மனிதரின் மேலும் வந்துவிடும்.

முதலில் தொடங்கும் இடத்தை நகர்த்துங்கள். கண்ணீர் வருவதற்கு முன்பே இசை நுழைந்தால் "இப்போது அழப் போகிறார்" என்று அறிவிப்பு கொடுத்ததாகிவிடும். அவர் பேசி முடித்து, அடுத்த ஷாட்டுக்குப் போன பிறகு இசை வரட்டும். அப்போது அவர் சொன்னதைப் பார்ப்பவர் அசைபோட இசை இடம் கொடுக்கிறது. ஒரு ஸ்வரத்தைக்கூட மாற்றாமல், அதே கியூவைப் பத்துப் பன்னிரண்டு வினாடி தள்ளி வைத்ததும் புகார் காணாமல் போவதை அடிக்கடி பார்க்கலாம்.

அதற்கும் சரிவராவிட்டால் ஒவ்வொன்றாக எடுங்கள். மெட்டை அணைத்துவிட்டு அடித்தளத்தை மட்டும் ஓட்டுங்கள். கார்டுகளில் மூன்றாவது ஸ்வரத்தை எடுத்துவிட்டால் மேஜரா மைனரா என்பது தெரியாமல் போகும். சோகம், மகிழ்ச்சி என்ற முத்திரை விழாது. முடிவில் ஆதார ஸ்வரத்துக்கு வந்து நிற்கும் பழக்கத்தையும் ஒரு முறை தவிர்த்துப் பாருங்கள். இசை தீர்ந்து முடிந்தால் பிரச்சினையும் தீர்ந்துவிட்டது போல ஒரு பொய் தொனிக்கும். படத்தில் உள்ளவர்களின் வாழ்க்கையில் அது தீர்ந்திருக்காது.

இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். ஒரு தகராறைப் பற்றிய படத்தில் ஒரு தரப்பு வரும்போதெல்லாம் அடித்தளத்தில் இருண்ட ட்ரோன் (விடாமல் நீளும் ஒரே ஸ்வரம்) ஒலித்தால், அது ஒரு குற்றச்சாட்டு. படம் அதற்கு ஆதாரம் காட்டியிருக்கிறதா? காட்டியிருந்தால் ட்ரோன் தேவையில்லை. காட்டவில்லை என்றால் ட்ரோன் நியாயமில்லை. டைரக்டர் கேட்டாலும் இதில் நான் வளைந்து கொடுப்பதில்லை.

தனித்தனியாக எல்லாக் கியூவும் நன்றாக இருந்து, மொத்தப் படம் மட்டும் களைப்பைத் தருகிறதா? காகிதத்தில் படத்தின் நீளத்துக்கு ஒரு கோடு போட்டு, இசை இருக்கும் இடங்களைக் கருப்பாக்குங்கள். கோடு முழுக்கக் கருப்பாக இருந்தால், அடுத்த கியூ எழுதும் முன் இரண்டைத் தூக்குங்கள்.

"டெம்ப் டிராக்கே நல்லா இருந்துச்சு"

எடிட் செய்யும்போது தற்காலிகமாக வைத்த வேறு இசையோடு டைரக்டர் மாதக்கணக்கில் வாழ்ந்திருக்கிறார். அதை எதிர்த்து வாதாடுவது வீண். அந்த இசையில் எது வேலை செய்கிறது என்று பிரித்துப் பாருங்கள். வேகமா, வாத்தியமா, எத்தனை வாத்தியம் என்ற அடர்த்தியா, நுழையும் இடமா, நிற்கும் இடமா? பெரும்பாலும் வேகம்தான் விடையாக இருக்கும், ஏனென்றால் எடிட்டர் அதன் தாளத்துக்கே ஷாட்டுகளை வெட்டியிருப்பார். 76 பிபிஎம் (நிமிடத்துக்கு 76 தட்டு) வேகத்தில் வெட்டிய காட்சிக்கு 92-இல் எழுதினால் ஒவ்வொரு வெட்டும் தாளம் தப்பியதாகத் தெரியும். வேகத்தையும் நுழையும் இடத்தையும் வைத்துக்கொண்டு ஸ்கேல், வாத்தியம், மெட்டு எல்லாவற்றையும் மாற்றுங்கள். மெட்டையே ஒட்டி எழுதுவது மட்டும் வேண்டாம், அது சட்டச் சிக்கலில் கொண்டுபோய் விடும்.

அடுத்த படத்திலாவது நோயை வரும் முன் தடுக்கலாம். ஆவணப்பட எடிட் நீண்ட நாள் ஓடும். தொடக்கத்திலேயே எந்தக் காட்சிக்கும் என்று இல்லாமல் படத்தின் பொதுவான மனநிலைக்கு நான்கைந்து துண்டுகள் எழுதி எடிட்டரிடம் கொடுத்துவிடுங்கள். டெம்ப்பாக உங்கள் இசையே உட்காரும்.

"இன்னும் கொஞ்சம் ஈரமா", "டார்க்கா, ஆனா ஹோப்போட" என்று குறிப்பு வந்தால் இசையைப் பற்றிப் பேசாதீர்கள். இந்த இடத்தில் பார்ப்பவருக்கு எது தெரிந்திருக்கிறது, காட்சியில் இருப்பவருக்கு எது தெரியாது என்று கேளுங்கள். பதிலில் வேலை செய்ய ஏதாவது கிடைக்கும்.

முக்கியமான நொடியில் தாளம் விழவில்லை

கணக்கு எளிது. தட்டுகளின் எண்ணிக்கையை 60-ஆல் பெருக்கி வினாடியால் வகுத்தால் பிபிஎம். கியூ தொடங்கி 37.5 வினாடியில் ஒரு கதவு திறக்கிறது என்று வையுங்கள். 100 பிபிஎம்மில் அந்த இடத்தில் 62.5 எண்ணிக்கை ஓடியிருக்கும். அதாவது இரண்டு தட்டுகளுக்கு நடுவில். 64 எண்ணிக்கை வேண்டும் என்றால் 102.4 பிபிஎம், நான்கு எண்ணிக்கையில் 16 பார் (தாளச் சுற்று) முடிந்து அடுத்த பாரின் முதல் தட்டில் கதவு திறக்கும். 60 எண்ணிக்கை என்றால் 96 பிபிஎம், 15 பார். வேகத்தை மாற்ற மனமில்லையா, நடுவில் ஒரு பாரை மட்டும் குறுக்கிவிடலாம். 24 ஃப்ரேம் படத்தில் 120 பிபிஎம் என்றால் ஒரு தட்டுக்குச் சரியாக 12 ஃப்ரேம். இதை நினைவில் வைத்திருந்தால் மற்றவை மனக்கணக்கில் வரும்.

கணக்கு சரியாக வந்தும் செயற்கையாகத் தெரிந்தால், இசையை இரண்டு மூன்று ஃப்ரேம் பிந்தி வையுங்கள். வெட்டின் மேலேயே சரியாக விழும் இசை விளம்பரப் படத்தின் வாடை அடிக்கும். கண் முதலில் பார்க்கட்டும்.

எல்லாம் சுருதியாக வாசித்தும் ஏதோ உரசுகிறது

படப்பிடிப்பில் பதிவான ஒலிக்கும் ஒரு சுருதி உண்டு. ஃப்ரிட்ஜ், ஜெனரேட்டர், படகின் மோட்டார், நெசவு இயந்திரம் எல்லாமே ஒரு ஸ்வரத்தை விடாமல் பிடித்துக்கொண்டிருக்கும் தம்புராக்கள்தான், உங்கள் ஸ்வரத்தைக் கேட்டுச் சேர்த்தவை அல்ல என்பதுதான் தொல்லை. 50 ஹெர்ட்ஸ் மின்சார இரைச்சல், 49 ஹெர்ட்ஸில் இருக்கும் ஜி ஸ்வரத்தைவிட சுமார் 35 சென்ட் (அரைஸ்வரத்தில் நூறில் ஒரு பங்கு ஒரு சென்ட்) அதிகம். 60 ஹெர்ட்ஸ் மின்சாரம் உள்ள நாடுகளில் அது பி ஃப்ளாட்டுக்கும் பி-க்கும் சரியாக நடுவில் தொங்கும், எந்த ஸ்வரத்தோடும் சேராது.

இசையை அணைத்துவிட்டு, காட்சியின் ஒலியில் ட்யூனர் ஒன்றை வைத்துப் பாருங்கள். முள் ஓரிடத்தில் நின்றால் அதுதான் அந்த இடத்தின் சுருதி. அந்த இரைச்சல் மிக்ஸிங்கில் நீக்கப்படுமா என்று கேளுங்கள். நீக்கப்படும் என்றால் விட்டுவிடலாம். இருக்கப்போகிறது என்றால் உங்கள் மொத்தக் கியூவையும் அத்தனை சென்ட் நகர்த்தி அதனோடு சேர்த்துவிடுங்கள். அதையே ஆதார சுருதியாக வைத்து எழுதினால் இன்னும் நல்லது. இசை எங்கிருந்து தொடங்கியது என்றே தெரியாமல் காட்சிக்குள்ளிருந்து எழும்பும். எனக்குத் தெரிந்து ஆவணப்பட இசைக்கு மட்டுமே கிடைக்கும் சலுகை இது, அதிகம் பேர் பயன்படுத்துவதில்லை.

சாம்பிள் வயலின்கள் போலியாகக் கேட்கின்றன

எல்லா ஸ்வரமும் ஒரே அழுத்தத்தில் இருக்கிறதா என்று பாருங்கள். பெரும்பாலான சாம்பிள் ஒலித் தொகுப்புகளில் 1-ஆம் எண் மிடி கன்ட்ரோலர் வாசிப்பின் தீவிரத்தையும், 11-ஆம் எண் ஒலி அளவையும் ஆளும். நீண்ட ஸ்வரம் ஒவ்வொன்றிலும் இவை ஏறி இறங்க வேண்டும். ஸ்வரங்கள் தாளத்துக்குப் பின்னால் இழுத்தால், அந்த ஒலி மெதுவாகப் பிறக்கும் வகை. அந்த ட்ராக்கை மட்டும் சில பத்து மில்லிவினாடிகள் முன்னால் தள்ளுங்கள். ஒரே ஒரு கலைஞரை வரவழைத்து மேல் வரிசையை நிஜ வயலினில் வாசிக்க வைத்தால் கீழே இருக்கும் சாம்பிள்களும் உயிர் பெறும்.

அதற்கும் பணம் இல்லையென்றால் வயலின் கூட்டத்தையே விட்டுவிடலாமே. சின்னப் படத்தில் அறுபது பேர் கொண்ட ஆர்கெஸ்ட்ரா வாசிப்பதாகப் பாவனை செய்வதைவிட, நீங்களே வாசிக்கக்கூடிய ஒரு ஹார்மோனியமோ கிதாரோ நேர்மையாக ஒலிக்கும்.

லாக் ஆன (எடிட் முடிந்துவிட்டது என்று சொன்ன) படம் திரும்பவும் மாறிவிட்டது

மாறும். எடிட்டரிடம் மாற்றப் பட்டியல் கேளுங்கள், எங்கே எத்தனை ஃப்ரேம் போயிற்று, வந்தது என்று. முழுக் கியூவையும் இழுத்து நீட்டிச் சரிசெய்ய முயலாதீர்கள், பார் எல்லையில் வெட்டுங்கள். 120 பிபிஎம், நான்கு எண்ணிக்கை என்றால் ஒரு பார் 2 வினாடி. காட்சியில் 4 வினாடி குறைந்தால் இரண்டு பார் போகும், யாருக்கும் தெரியாது. ஃபைல் பெயரில் ரீல், கியூ, பதிப்பு எண் மூன்றும் இருக்கட்டும், '1எம்3 வி2' என்பது போல. எந்தப் பதிப்புப் படத்துக்கு எழுதியது என்பதையும் சேர்த்தால் நள்ளிரவுத் தொலைபேசி அழைப்புகள் குறையும்.

வீட்டில் நன்றாக இருந்தது, வெளியே இல்லை

போனில் அடித்தளம் காணாமல் போனால் வியப்பில்லை. அவ்வளவு சின்ன ஸ்பீக்கர் 200 ஹெர்ட்ஸுக்குக் கீழே சரியாக ஒலிக்காது. அதே வரியை ஒரு ஸ்தாயி மேலேயும் மெல்லச் சேர்த்தால் காது கீழ் ஸ்வரத்தைத் தானே ஊகித்துக்கொள்ளும். அகலமான பேட் ஒலிகள் (பின்னணியில் நீண்டு பரவுபவை) மறைந்தால், மோனோவில் கேட்டு இடது வலது ஒன்றையொன்று அழிக்கிறதா என்று பாருங்கள். தியேட்டரில் அடித்தளம் பொங்கினால், நீங்கள் குறைந்த ஒலியில் மிக்ஸ் செய்திருக்கிறீர்கள். குறைந்த ஒலியில் காதுக்குக் கீழ்ப்பகுதி குறைவாகவே கேட்கும், அதனால் அதிகம் சேர்த்துவிடுவோம்.

இசையை லிமிட்டர் (உரத்த இடங்களை ஓர் அளவுக்கு மேல் விடாமல் அமுக்குவது) போட்டு நசுக்கி அனுப்பாதீர்கள். ஐரோப்பிய ஒளிபரப்பு விதியான ஆர்128-இல் நிகழ்ச்சியின் மொத்த உரப்பு -23 எல்யூஎஃப்எஸ் (காதுக்குக் கேட்கும் உரப்பின் அலகு). அதைப் பேச்சு, சூழல் ஒலி எல்லாம் சேர்த்து மிக்ஸிங் செய்பவர்தான் கொண்டுவருவார். அவருக்குத் தேவை மூச்சு விட இடம்.

ஸ்டெம்களைச் சேர்த்தால் என் மிக்ஸ் வரவில்லை

ஸ்டெம் என்பது வாத்தியக் குழு வாரியாகப் பிரித்து அனுப்பும் ஃபைல். கூட்டும்போது மிக்ஸ் வராவிட்டால், மாஸ்டரில் கம்ப்ரஸரோ லிமிட்டரோ இருந்திருக்கும். மொத்த இசைக்கு ஒரு மாதிரியும் தனித்தனி ஸ்டெம்முக்கு வேறு மாதிரியும் அது வேலை செய்யும். அதை எடுத்துவிட்டு மறுபடி எக்ஸ்போர்ட் செய்யுங்கள். எதிரொலி ஒவ்வொரு ஸ்டெம்முக்குள்ளும் தனியாகப் பதிந்திருக்க வேண்டும். எல்லா ஸ்டெம்மும் ஒரே புள்ளியில் தொடங்கட்டும். சரிபார்க்க, ஸ்டெம்களின் கூட்டுக்கு எதிராக முழு மிக்ஸின் ஃபேஸைத் தலைகீழாக்கி ஓட்டுங்கள். நிசப்தம் வந்தால் அனுப்பலாம்.

காட்சியிலேயே ஒரு பாட்டு ஓடுகிறது

பேட்டி எடுத்த இடத்தில் ரேடியோ பாடிக்கொண்டிருந்தது, அல்லது திருவிழாவில் ஒலிபெருக்கி. அந்தப் பாட்டுக்கும் அனுமதி தேவைப்படலாம், அதுவும் இரண்டு: பாடலை எழுதியவர்களின் உரிமை ஒன்று, அந்தப் பதிவின் உரிமை இன்னொன்று. நாட்டுப்புறப் பாட்டுதானே என்று விட்டுவிட முடியாது. மெட்டு பழையதாக இருந்தாலும் அந்தப் பதிவு யாருக்கோ சொந்தம். பணம் இல்லாத படத்தில் இது உங்கள் மேசைக்கு வந்து சேரும்: "அதுக்குப் பதிலா நீங்களே ஒண்ணு போட்டுக் கொடுங்க."

காட்சியில் யாராவது ஆடினாலோ தலையசைத்தாலோ அவர்கள் அசைவுக்குத் தட்டி வேகத்தைக் கண்டுபிடியுங்கள். மெட்டை முற்றிலும் வேறாக எழுதுங்கள். பதிவை மலிவான ஒரு ஸ்பீக்கரில் ஓட்டி, அறையின் மறுமுனையில் மைக் வைத்து மறுபடி பதிவு செய்தால் காட்சிக்குள் பொருந்தும். ஆனால் மூல ஒலியில் பேச்சுக்கு அடியில் பழைய பாட்டு கலந்திருந்தால் இதெல்லாம் பயன்படாது, எடிட்டர் அந்த இடத்தை வெட்டத்தான் வேண்டும். அதை முதலிலேயே கேட்டுவிடுங்கள். வைத்த பாட்டு இருபது வினாடிதான் என்றாலும் கியூ ஷீட்டில் (படத்தில் உள்ள இசையின் பட்டியல்) தனி வரியாக ஏற்றுங்கள்: பெயர், எழுதியவர், நீளம், காட்சிக்குள் ஒலிக்கிறதா பின்னணியா என்ற குறிப்பு.